கொப்பரைக் களத்துக்கு அடியில் இட்டேரி

கரட்டுத்தோட்டம், காங்கேயம் வழி
9 ஜனவரி 2025

அண்ணய்யாவுக்கு ரங்கநாயகி எழுதிக்கறது.

இங்க நானும் உங்க மாப்பிள்ளையும் சாமி புண்ணியத்துல உசுரும் உடம்புமா இருக்கறோமுங்க. உங்க தொண்டை எப்படி இருக்குது? ஆப்பரேசனுக்குப் பொறவு பேசவே கூடாதுன்னு டாக்டர் சொல்லிப்போட்டாராமே. அப்பாடான்னு அண்ணி கோயில்ல தேங்கா உடைச்சிருப்பாங்களே! கோவிச்சுக்காதீங்க. நேத்துப் போன் போட்டப்ப உங்க மூச்சுச் சத்தம் மட்டும்தான் கேட்டுது. நான் பேசப் பேச நீங்க மூச்சு உட்டுட்டே இருந்தீங்க, எனக்கு என்னமோ போல ஆயிருச்சு. என்ற பட்டன் போன்ல வாட்ஸ்அப்பும் இல்ல. அதுதான் கடுதாசி. நம்ம ஊட்டுத் தெலுங்கை எழுத நமக்கு யாரு சொல்லிக் குடுத்தா? தமிழ்லயே எழுதறேன்.

சேதிக்கு வாரேன். ரெண்டு பக்கமும் வேலி போட்ட நம்ம வண்டிப்பாதை இருக்குதுல்ல, அந்த இட்டேரிய அடைச்சுப்போட்டாங்க அண்ணய்யா. கார்த்திகையில நடுப் பாதையில மட்டும் கிளுவை வேலியப் புடுங்கினாங்க, மார்கழியில சிமெண்டு போட்டாங்க, இப்பச் சுவரு கட்டி இரும்புக் கேட்டு வெச்சுப் பூட்டியாச்சு. எண்ணெய் மில்லுக்காரரு கொப்பரை காயப்போடற களத்தை இட்டேரிக்குக் குறுக்கால இழுத்துட்டாரு. இக்கட்டால பாதி பாதை, அக்கட்டால பாதி பாதை, நடுவால தேங்கா.

எனக்கென்ன, நான் சுத்திட்டுப் போயிருவேன். உங்க மாப்பிள்ளைக்குக் கண்ணு போயி ஆறு வருசமாச்சு. இந்த ஆறு வருசத்துல அவரு யாரு கையையும் புடிச்சதில்லைன்னா அது அந்த இட்டேரியாலதான். விடிஞ்சதும் குச்சிய வேலியில உரசிட்டே மெயின்ரோட்டு பேக்கரி வரைக்கும் தனியாப் போவாரு. டீயக் குடிச்சுட்டு, யாராச்சும் பேப்பர் படிக்கறதைக் கேட்டுட்டு, தனியாவே வருவாரு. நானும் வாரேன்னா, “நீ வந்தா எனக்கு வழி தெரியாது, உம்பேச்சுல வேலி கேக்காது”ம்பாரு.

போன வாரம் ரோட்டோரமாப் போய்ப் பாக்கறேன்னு கெளம்பினாரு. ஒரு லாரி சட்டைய உரசிட்டுப் போயிருக்குது. வந்து கட்டில்ல உக்காந்தவரு உக்காந்தவருதான். சட்டத்துல என்ன வழி இருக்குதுன்னு எழுதுங்க. உங்க கடுதாசிய அவருக்குப் படிச்சுக் காட்டுவேன், அதனால கெட்டதா ஏதாச்சும் இருந்தாத் தனித் தாள்ல எழுதுங்க.

அண்ணிக்கும் உங்க மக ஹாரிகா கண்ணுக்கும் என்ற அன்பு.

ரங்கநாயகி


ஆர்.எஸ்.புரம், கோவை
17 ஜனவரி 2025

அன்புத் தங்கை ரங்கம்மாவுக்கு அண்ணனின் ஆசிகள்.

இங்கே அனைவரும் சுகம். என் தொண்டையும் சுகம், சத்தம் மட்டும் இல்லை. எதிர்க்கட்சி வக்கீல்கள் நாற்பது வருடமாக முயன்று முடியாத காரியத்தை ஒரு சின்ன டாக்டர் ஒரே காலையில் முடித்துவிட்டார். தேங்காய் உடைத்ததாக உன் அண்ணி ஒப்புக்கொள்ள மறுக்கிறாள்.

பதறாதே. பாதைக்குச் சட்டத்தில் நிறைய கதவு உண்டு. முதலில் தாலுகா ஆபீஸில் அந்த சர்வே நம்பருக்குப் புல வரைபடமும் ‘அ’ பதிவேட்டின் நகலும் வாங்கு. அதில் அரசுப் புறம்போக்கு, வண்டிப்பாதை என்று இருந்துவிட்டால் எவ்வளவு சிமெண்டு கொட்டினாலும் பாதை பாதைதான். சர்வேயரை வைத்து அளக்கச் சொல்லித் தாசில்தாருக்கு மனுக் கொடு. 1905ஆம் வருடத்து நில ஆக்கிரமிப்புச் சட்டப்படி அவர் ஏழாம் பிரிவில் நோட்டீஸ் கொடுத்து, பதிலைக் கேட்டு, ஆறாம் பிரிவில் அப்புறப்படுத்தலாம். கிழட்டுச் சட்டம், ஆனால் பல் விழவில்லை.

அதைவிடச் சுருக்கு வழி ஒன்று உண்டு. பொதுப் பாதையை மறித்தால் ஆர்.டி.ஓ.வே நடுவராக உட்கார்ந்து, ‘இத்தனை நாளுக்குள் எடு, இல்லையென்றால் வந்து காரணம் சொல்’ என்று உத்தரவு போடலாம். அந்தக் காலத்தில் 133 என்போம். இப்போது வந்த புதிய சட்டத்தில் 152. பாதை வழக்கு என்றால் இதுதான் என் கைராசிப் பிரிவு. எதுவும் நடக்கவில்லை என்றால் கடைசியாக ஹைகோர்ட்டில் ரிட் போடலாம். சிவில் கோர்ட்டுக்கு மட்டும் போகாதே. அது நல்ல இடம்தான், ஆனால் மாப்பிள்ளைக்கு வயது எழுபது.

நகல்கள் கையில் வந்ததும் எழுது. 152 மனுவை நானே எழுதித் தருகிறேன். அந்த ஆளின் பெயரை நீ எழுதவே இல்லையே?

மாப்பிள்ளையிடம் என் விசாரிப்பைச் சொல். ரோட்டுப் பக்கம் போக வேண்டாம் என்று சொல்.

கோபாலசாமி


கரட்டுத்தோட்டம்
20 பிப்ரவரி 2025

அண்ணய்யாவுக்கு.

எல்லாரும் சௌக்கியமுங்களா? இங்க பனி விட்டு வெயில் ஏற ஆரம்பிச்சிருச்சு. எனக்கு முழங்கால், அவருக்குச் சக்கரை, மத்தபடி குறையில்லை.

நீங்க சொன்ன மாதிரியே தாலுகா ஆபீசுக்கு நடையா நடந்து நகல் ரெண்டையும் வாங்கிப்போட்டேன். வண்டிப்பாதைன்னு எழுதியே இருக்குதுங்க! படத்துல ரெண்டு கோடு நம்ம தோட்டத்துலருந்து மெயின்ரோடு வரைக்கும் வளைஞ்சு வளைஞ்சு போகுது. உங்க மாப்பிள்ளை விரலைப் புடிச்சு அந்தக் கோட்டு மேல வெச்சேன். “இங்கதான் காத்துத் திரும்பும்”னாரு. சர்வேயரு வந்து அளந்தாரு. களத்து மத்தியில இட்டேரி போகுது. கொப்பரையத் தள்ளிட்டு அடையாளம் போட்டாரு, அவரு அக்கட்டால போனதும் மில்லு ஆளுக மறுபடியும் கொப்பரையப் பரப்பிட்டாங்க.

அந்த ஆளு பேரு வேங்கடசாமி. நம்மாளுகதான். தேங்கா எண்ணெய் மில்லு வெச்சிருக்காரு, ஒரே பையன். ரெண்டு பக்கமும் அவரு நெலம், நடுவால எதுக்கு வேலின்னு எடுத்துப்போட்டாராம். போய்க் கேட்டேன். “இதுல யாரு போறாங்க, சொல்லுங்க அம்மணி”ன்னு மரியாதையாத்தான் கேக்கறாரு. என்ற ஊட்டுக்காரரு போறாருங்கன்னேன். “அவருக்குத்தான் கண்ணு தெரியாதே”ங்கறாரு!

நேத்து ஒரு கனாக் கண்டேன். இட்டேரி நம்ம தோட்டத்துல கெளம்பி நேரா ஆர்.எஸ்.புரம் வந்து உங்க ஹாலுக்குள்ள போகுது. சோபாவுக்கு ரெண்டு பக்கமும் கிளுவை வேலி. அண்ணி டிவி பாத்துட்டிருக்காங்க, அவங்க முன்னால ஒரு மாட்டு வண்டி மெதுவாப் போகுது. யாரும் ஒண்ணும் சொல்லலை. நீங்க மட்டும் கையக் காட்டி, “போங்க, போங்க, இது வண்டிப்பாதைதான்”ங்கறீங்க, அதும் உங்க பழைய கோர்ட்டுக் குரல்ல.

இத அவருகிட்டச் சொன்னேன். அவருக்குக் கனவுல கண்ணு தெரியுமுங்க, உங்களுக்குச் சொல்லியிருக்கறனா? செம்மண்ணு, பச்சை, என்ற சேலைக் கலரு எல்லாம் அங்கதான் பாக்கறாரு. “இப்பெல்லாம் கனவுலயும் நடந்து போறேன் ரங்கா, களத்துக்கிட்ட வந்ததும் முழிப்பு வந்துருது”ன்னாரு.

தாசில்தாருக்கு மனுக் குடுத்துட்டேன். நகலை இதோட வெச்சிருக்கேன், 152 மனுவ எழுதி அனுப்புங்க, கையெழுத்துப் போட்டு நானே கொண்டுபோய்க் குடுக்கறேன். உடம்பப் பாத்துக்குங்க. வெந்நியில உப்புப் போட்டுக் கொப்பளிங்க.

ரங்கநாயகி


ஆர்.எஸ்.புரம்
11 ஏப்ரல் 2025

தங்கை ரங்கநாயகிக்கு ஆசிகள்.

பதில் தாமதமாகிவிட்டது. இங்கே அனைவரும் நலம். கண் பரிசோதனை, வருமான வரி வேலை என்று நாட்கள் ஓடிவிட்டன. நீங்கள் இருவரும் சுகமாக இருப்பீர்கள் என்று நம்புகிறேன்.

நகல்களைப் பார்த்தேன். இருந்தாலும் அவசரப்பட்டு எதிலும் இறங்க வேண்டாம் என்று தோன்றுகிறது. உள்ளூரில் மனிதர்களோடு முகம் கொடுத்து வாழ வேண்டியிருக்கிறது. மனு, நோட்டீஸ், விசாரணை என்று போனால் கசப்பு வளரும். கட்டாயம் சட்டம்தான் வேண்டும் என்றால் சிவில் கோர்ட்டில் ஒரு பாதை உரிமை வழக்குப் போட்டு வைக்கலாம். நிதானமாக நடக்கும். அதற்குள் பேசித் தீர்த்துக்கொள்ளவும் அவகாசம் கிடைக்கும்.

மாப்பிள்ளைக்குக் காலையில் தோட்டத்துக்குள்ளேயே நடக்க ஒரு கயிறு கட்டிக் கொடுத்தால் என்ன? யோசித்துப் பார்.

வேங்கடசாமி குடும்பம் எப்படி? ஊரில் நல்ல பெயர் உண்டா? பையன் எப்படிப்பட்டவன்? சும்மா தெரிந்துகொள்ளத்தான்.

கோபாலசாமி


கரட்டுத்தோட்டம்
19 ஏப்ரல் 2025

அண்ணய்யாவுக்கு.

நாங்க இருக்கறோமுங்க. நீங்களும் இருப்பீங்க.

உங்க கடுதாசிய அவருக்குப் படிச்சுக் காட்டினேன். முழுக்கக் கேட்டுட்டு, “மறுபடியும் படி”ன்னாரு. படிச்சேன். “ஜனவரிக் கடுதாசிய எடு”ன்னாரு. அதையும் படிச்சேன். சிவில் கோர்ட்டுக்கு மட்டும் போகாதே, மாப்பிள்ளைக்கு எழுபது வயசுன்னு நீங்கதான் எழுதியிருக்கறீங்க. இப்ப நிதானமா நடக்கும்ங்கறீங்க. மூணு மாசத்துல இவருக்கு வயசு குறைஞ்சிருச்சுங்களா? 152ன்னு ஒரு நம்பரே இந்தக் கடுதாசியில இல்லை. உங்க கைராசிப் பிரிவாமே, அது எங்க போச்சு?

“உங்கண்ணனுக்குக் குரலு கடுதாசியிலயும் போயிருச்சு”ன்னாரு உங்க மாப்பிள்ளை. கயித்து யோசனையைக் கேட்டுச் சிரிச்சாரு. “கட்டறதுன்னா கழுத்துல கட்டு, மாட்டுக்குத்தான் கயிறு”ன்னுட்டுத் திரும்பிப் படுத்துக்கிட்டாரு. அவரு திரும்பிப் படுத்தா எனக்குப் பயமா இருக்குதுங்க. பேசறது குறைஞ்சுபோச்சு. சாப்பாட்டுத் தட்டு எந்தப் பக்கம் இருக்குதுன்னு இப்பக் கேக்கறாரு, முந்தியெல்லாம் கேக்கவே மாட்டாரு.

வேங்கடசாமி பையன் எப்படின்னு கேட்டிருக்கறீங்க. நல்ல பையன்தான், தேஜான்னு பேரு. மில்லுல கம்ப்யூட்டர் போட்டவன். அவன் எப்படி இருந்தா நமக்கென்னங்க? மனு எப்ப அனுப்பறீங்க?

ரங்கநாயகி


ஆர்.எஸ்.புரம்
8 மே 2025

அன்பு அத்தைக்கு,

எப்படி இருக்கீங்க? மாமா எப்படி இருக்காரு? நான் சூப்பரா இருக்கேன். கையெழுத்தப் பாத்துச் சிரிக்காதீங்க, சரவணம்பட்டி ஆபீசுல ரெண்டு வருசமா நான் பேனாவையே தொடலை. போன்ல சொல்லலாம்னுதான் நெனச்சேன். ஆனா கடுதாசின்னா நீங்க மாமாவுக்குச் சத்தமாப் படிச்சுக் காட்டுவீங்க, அந்த மாதிரிதான் மாமா இதைக் கேக்கணும்னு ஆசையா இருந்துச்சு.

எனக்கு மாப்பிள்ளை பாத்திருக்காங்க அத்தை! பிப்ரவரியிலயே ஜாதகம் வந்துச்சாம், அப்பா யார்கிட்டயும் மூச்சு விடலை. (அப்பா இப்ப யார்கிட்டயும் மூச்சு மட்டும்தான் விடறாரு, ஜோக்கு, அப்பாகிட்டச் சொல்லாதீங்க.) பேரு தேஜா. ரெண்டு தடவை பாத்துப் பேசினோம். ரொம்ப அமைதி. நான் பேசினா முழுசாக் கேக்கறான், நடுவுல போனை எடுக்கறதில்லை. எனக்குப் புடிச்சிருக்கு அத்தை.

இதுல பெரிய விசயம் என்னன்னா அவங்க மில்லு உங்க தோட்டத்துக்குப் பக்கத்துலதான்! வேங்கடசாமி மாமான்னா உங்களுக்குத் தெரிஞ்சிருக்கும். இனிமே உங்க ஊட்டுக்கு நான் நடந்தே வந்துருவேன். காலையில மாமாகூட இட்டேரியில போயி பேக்கரியில டீ குடிப்பேன், நீங்க வரக் கூடாது.

ஆவணியில நிச்சயம் வெக்கலாம்ங்கறாங்க. மாமா என்ன சொன்னாருன்னு அப்படியே எழுதுங்க.

ஹாரிகா


கரட்டுத்தோட்டம்
16 மே 2025

அண்ணய்யாவுக்கு.

எல்லாரும் நல்லா இருக்கோணும்.

ஹாரிகா கடுதாசி வந்துது. நொம்ப சந்தோசம். ஹாரிகா கண்ணுக்கு ஏத்த எடம். பையன் தங்கமானவன், நானே எழுதியிருக்கேன் பாருங்க. ஜாதகம் பிப்ரவரியில வந்துதாமே, நல்லது.

கடுதாசிய அவருக்குப் படிச்சுக் காட்டினேன். கண்ணு போன நாள்லருந்து பேப்பரு, கரண்டு பில்லு, கடுதாசி எதைப் படிச்சாலும் நான் ஒரு வரி உட்டதில்லைங்க. இதுல கண்ணுக்குப் பாத்த பையன் பேரையும், ஊரையும், மில்லையும், அவங்கப்பா பேரையும், கடைசியில இட்டேரியப் பத்தி எழுதியிருந்ததையும் உட்டுட்டேன். அவரு சிரிச்சுட்டே கேட்டாரு. “கண்ணுக்கு நல்லா அமையட்டும்”னாரு.

பாதை விசயத்தை இனி நீங்க யோசிக்க வேண்டாம். தாசில்தாருகிட்டக் குடுத்த மனுவையும் நான் போய்த் திருப்பி வாங்கிக்கறேன். கயிறு கட்டிட்டேன்.

அண்ணிக்கு என்ற வாழ்த்தச் சொல்லுங்க.

ரங்கநாயகி


ஆர்.எஸ்.புரம்
27 மே 2025

ரங்கம்மா,

உடம்பு எப்படி என்று கேட்கும் யோக்கியதையோடு இந்தக் கடிதத்தை எழுதவில்லை. ஆனாலும் கேட்கிறேன், சௌக்கியமா?

நீ கேட்டது சரி. ஜனவரியில் எழுதியவன் வக்கீல், ஏப்ரலில் எழுதியவன் பெண்ணைப் பெற்றவன். அந்த இரண்டாவது ஆள் பொல்லாதவன். நீ வரிகளை விட்டுப் படித்தாய் என்ற இடத்துக்கு வந்ததும் நான் எழுந்து வாசலுக்குப் போய்விட்டேன். மத்தியான நேரம், தெருவில் ஒருவரும் இல்லை. வெயிலில் நின்று சத்தம் போட்டு அழலாம் என்று பார்த்தேன், சத்தம் வரவில்லை.

உன் கடிதங்கள் எல்லாவற்றையும் ஹாரிகா கையில் கொடுத்தேன். அறைக்குள் போய்ப் படித்துவிட்டு வெளியே வந்தாள். “அந்தக் களத்துல நின்னு மாமாவ எப்படிப்பா பாக்கறது?” என்றாள். அவ்வளவுதான். அன்று மாலையே தேஜாவுக்குப் போன் செய்து முழுவதையும் சொல்லிவிட்டாள். அப்பாவிடம் பேசுகிறேன் என்று சொன்னானாம். இன்னும் பேசவில்லை.

தாசில்தார் மனுவைத் திரும்ப வாங்காதே. இதோடு 152 மனு வைத்திருக்கிறேன், என் கையாலேயே எழுதியது. படித்துப் பார்த்துக் கையெழுத்துப் போடு. ஒன்றை மட்டும் மனதில் வை. இங்கே பொதுப் பாதையே கிடையாது என்று வேங்கடசாமி சொல்லி, அதற்கு நம்பும்படியான ஆதாரமும் காட்டிவிட்டால், ஆர்.டி.ஓ. சிவில் கோர்ட்டுக்குப் போங்கள் என்று சொல்லிவிடுவார். பாதை இருந்தது, அதில் மனிதர் நடந்தார் என்பதுதான் நம் வழக்கின் உயிர். நடந்தவர் மாப்பிள்ளை. அவர் எழுந்து வர வேண்டும்.

கல்யாணம் நின்றாலும் நிற்கட்டும். இந்தக் கடிதத்தை ஒரு வரி விடாமல் அவருக்குப் படி. கயிற்றை அவிழ்த்துவிடு.

கோபாலசாமி


கரட்டுத்தோட்டம்
14 ஆகஸ்ட் 2025

அண்ணய்யாவுக்கு.

எல்லாரும் சுகம்தானுங்களே? இங்க ஆடிக் காத்து பேயாட்டம் ஆடுது. தட்டுல சோறு போட்டா மண்ணும் சேந்து வருது. அவரு எந்திரிச்சுட்டாருங்க, அதுதான் மொத சேதி.

உங்க கடுதாசிய ஒரு வரி உடாமப் படிச்சேன். நான் முந்தி உட்ட வரியையும் சேத்துப் படிச்சேன். கட்டில்ல எந்திரிச்சு உக்காந்தாரு. பொறவு, “என்ற சட்டைய எடு, இஸ்திரி போட்டதா எடு”ன்னாரு.

ஆர்.டி.ஓ. வந்து காரணம் சொல்லச் சொல்லி உத்தரவு போட்டதும் வேங்கடசாமி வக்கீலோட வந்தாரு. அங்க பாதையே இல்லைங்க, யாரும் நடக்கறதில்லைங்க, எங்க பட்டாவுக்குள்ள வருதுங்கன்னு அந்த வக்கீலு பாட்டாப் பாடுனாரு. ஆர்.டி.ஓ. சின்ன வயசு அம்மணி. படத்தையும் பாத்தாங்க, இவரையும் பாத்தாங்க. “நேர்ல வந்து பாக்கறேன்”னாங்க.

போன வாரம் வந்தாங்க. வி.ஏ.ஓ., சர்வேயரு, வேங்கடசாமி, அவரு பையன், ஊரு சனம் பாதி. “ஐயா, நீங்க எப்பவும் போற மாதிரி நடங்க, பின்னால நாங்க வாரோம்”னாங்க அந்த அம்மணி. ஏழு மாசமாக் கட்டில்ல கெடந்த மனுசன். குச்சிய வேலியில வெச்சாரு பாருங்க, அப்படியே அவரு முதுகு நிமிந்துபோச்சு. விறுவிறுன்னு போறாரு, ஆபீசருக ஓட வேண்டியதாப் போச்சு. போற போக்குல சொல்லிட்டே போறாரு, இது ஊணான் கொடி வாசம், இங்க பள்ளம், இங்க கவுதாரி இருக்கும் மெதுவா வாங்கன்னு. நெசமாவே ஒரு கவுதாரி படபடன்னு எந்திரிச்சுப் பறந்துது.

சுவரு வந்ததும் நின்னாரு. கைய வெச்சுத் தடவினாரு. “இதுக்கு அக்கட்டால வலது பக்கம் ஒரு பனமரம் நின்னுதுங்க அம்மணி. காத்தடிச்சா இந்தக் காதுலதான் மொதல்ல கேக்கும். இப்பக் காத்து வருது, மரம் கேக்கலை. வெட்டிட்டாங்களாட்டம் இருக்குது”ன்னாரு. வி.ஏ.ஓ. சுவத்து மேல ஏறிப் பாத்தாரு. கொப்பரைக் குவியலுக்கு ஓரத்துல வெட்டுன பனை அடிக்கட்டை இருந்துச்சு.

ஆடிக் காத்து மட்டும் ஊன்னு அடிச்சுட்டிருந்துது. நாங்க அத்தனை பேரும் யாரோ ஒருத்தரு கனவுக்குள்ள நின்னுட்டிருக்கற மாதிரி எனக்குத் தோணுச்சு. வேங்கடசாமி தலையக் குனிஞ்சுட்டாரு. தேஜா அவங்கப்பாவையே பாத்துட்டு நின்னான்.

முடிவான உத்தரவு எப்ப வருமுங்க? கண்ணு எப்படி இருக்கறா? அவளை நெனச்சா எனக்குச் சோறு எறங்க மாட்டீங்குது.

ரங்கநாயகி


ஆர்.எஸ்.புரம்
22 செப்டம்பர் 2025

அன்பு ரங்கம்மாவுக்கு,

நீயும் மாப்பிள்ளையும் நலம் என்று நினைத்துக்கொள்கிறேன். உத்தரவு நகல் கிடைத்தது. ‘பொதுப் பாதை இல்லை என்பதற்கு எதிர்மனுதாரர் நம்பத்தகுந்த சான்று எதையும் காட்டவில்லை’ என்று அந்த அம்மையார் எழுதியிருக்கிறார். நான் எத்தனையோ தீர்ப்பு வாங்கியிருக்கிறேன், ஒன்றையும் தலையணைக்கு அடியில் வைத்துத் தூங்கியதில்லை. இதை வைத்தேன்.

சுவரை வேங்கடசாமியே இடித்துவிட்டார், சிமெண்டையும் பெயர்த்துவிட்டார் என்று எழுதியிருந்தாய். நல்லது. ஜே.சி.பி. வந்து இடித்திருந்தால் மனிதர் அசிங்கப்பட்டிருப்பார்.

கல்யாணத்தைப் பற்றி அவர்கள் வீட்டிலிருந்து ஒரு வார்த்தையும் இல்லை. வேண்டும் என்றும் சொல்லவில்லை, வேண்டாம் என்றும் சொல்லவில்லை. ஆவணி வந்து போய்விட்டது. ஹாரிகா ஆபீஸ் போகிறாள், வருகிறாள், பால்கனியில் உட்கார்ந்து மழையைப் பார்க்கிறாள். நான் பக்கத்தில் போய் உட்காருவேன். எங்கள் வீட்டில் பேசாதவர்கள் இப்போது இரண்டு பேர். நேற்று என் தோளில் சாய்ந்துகொண்டு, “மாமா நடக்கறாராப்பா?” என்று கேட்டாள். தலையாட்டினேன்.

நடக்கிறார்தானே?

கோபாலசாமி


கரட்டுத்தோட்டம்
2 நவம்பர் 2025

மச்சானுக்கு லட்சுமணசாமி சொல்ல, ரங்கநாயகி எழுதறது.

உங்க உடம்பு தேவலைங்களா? நான் நல்லாத்தான் இருக்கேன். இத்தன நாளா உங்களுக்கு உங்க தங்கச்சிதான் எழுதினா. இன்னைக்கு நான் சொல்றேன். நடுவுல எதையும் சேக்கக் கூடாதுன்னு சொல்லித்தான் உக்கார வெச்சிருக்கேன்.

நடக்கறேனான்னு கேட்டிருந்தீங்க. நடக்கறேனுங்க. ஆனா பாதை தெறந்த மொத நாளு நான் தொலைஞ்சுபோயிட்டேன். வேலி இருக்கற வரைக்கும் நல்லாத்தான் போனேன். களத்து எடம் வந்துது. சுவரு இல்ல, சிமெண்டு இல்ல, வேலியும் இல்ல. குச்சிய எந்தப் பக்கம் நீட்டினாலும் வெறும் மண்ணு. முன்னால போறனா, பின்னால போறனா, ஒண்ணும் தெரியலை. நடு வெளியில சுத்திச் சுத்தி வந்தேன். சட்டம் எனக்குப் பாதையத் திருப்பிக் குடுத்துருச்சு மச்சான், வேலியக் குடுக்க அதால முடியலை. ஆறு வருசத்துல மொத வாட்டியாப் பயந்தேன்.

(இத என்கிட்டச் சொல்லவே இல்லைங்க அண்ணய்யா! ஒன்னரை மாசமாச்சு! – ரங்கநாயகி)

அப்ப ஒருத்தரு வந்து என்ற முழங்கையப் புடிச்சாரு. ஒரு வார்த்தை பேசலை. அந்த வெறும் எடத்தைத் தாண்டி, மறுபடியும் வேலி ஆரம்பிக்கற எடத்துல கொண்டாந்து உட்டாரு. குச்சி வேலியில பட்டதும் கைய எடுத்துட்டாரு. நான் டீக் குடிச்சுட்டுத் திரும்பி வந்தேன். அதே எடத்துல அதே கை.

மறுநாளும் அப்படித்தான். அன்னைக்கு இருந்து தெனமும் அப்படித்தான். விடியறப்ப நான் அங்க போயி நிப்பேன், அவரு வந்து புடிப்பாரு. மழை பேஞ்சாலும் வந்தாரு. தீவாளியன்னைக்கும் வந்தாரு, புது வேட்டி வாசத்தோட. பேசினாக் குரல் தெரிஞ்சுபோகும்னு வாயே தொறக்கறதில்லை. யாருன்னு எனக்குத் தெரியாதுன்னு நெனச்சுட்டிருக்காரு, பாவம். கொப்பரை காயவெக்கற மனுசனோட கை எத்தனை சோப்புப் போட்டாலும் மணக்கும்ங்கறது அவருக்குத் தெரியலை. நானும் யாருங்கன்னு ஒரு நாளும் கேக்கலை. கேட்டா நாளைக்கு வராமப் போயிருவாரு.

(அந்த வேங்கடசாமியா! அண்ணய்யா, இவரைய நான் என்ன பண்ணட்டும்? சிரிக்கறதா அழுகறதா எனக்கே தெரியலை. இவரு அதட்டறாரு, எழுதறேன்.)

நேத்து மழைத்தண்ணி நின்னுபோச்சு. நடுவுல என்னைய நிறுத்தினாரு. தண்ணிக்குத்தான் நிறுத்தறாருன்னு நெனச்சேன். நொம்ப நேரம் நின்னோம். காலுக்கடியில மண்ணு கரையறது தெரிஞ்சுது. அப்பறம் மொத மொதலா வாயத் தொறந்தாரு. “பையன் என்கூடப் பேசறதில்லைங்க. ஊட்டுல சாப்பிடறதும் இல்லைங்க”ன்னாரு. அவ்வளவுதான்.

எந்தப் பையனுங்கன்னு நான் கேக்கலை மச்சான். அவரு கையப் பதிலுக்கு ஒருக்கா அழுத்திப்போட்டு நடந்தேன்.

அதனால இத எழுதச் சொல்றேன். தேஜாவக் கட்டிக்க இன்னமும் மனசு இருக்குதான்னு ஹாரிகா கண்ணுகிட்டக் கேளுங்க. எனக்காக வேண்டாம்னு சொல்ல வேண்டாம், எனக்காக வேணும்னும் சொல்ல வேண்டாம். அது மனசுல என்ன இருக்குதோ அத எழுதச் சொல்லுங்க. எதுவானாலும் அவருக்கு நானே சொல்லிக்கறேன். பதில் வர்ற வரைக்கும் காலையில ரெண்டு பேரும் பேசாமத்தான் நடந்துட்டிருப்போம்.

உங்கள்
லட்சுமணசாமி